இரண்டாம் தாள்

ஆலத்தூர் நாடு, கொல்லிமலை
3.2.2025

என் கண்ணு அருள்மொழிக்கு,

அம்மாயி மாதம்மாள் எழுதுவது. இங்கு நானும் அப்புச்சியும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம். அந்தக் குளிர் தேசத்தில் நீ காதை மூடிக்கொண்டு நடக்கிறாயா, வேளைக்குச் சாப்பிடுகிறாயா என்று எழுது.

முதலில் நம் ஊட்டுப் பிள்ளைகளின் சேதி. உன் சித்தி மகன் கார்த்திக்கு வாசலூர்பட்டிப் படகுத்துறையில் டிக்கெட் கொடுக்கும் வேலை கிடைத்துவிட்டது. நீலச் சட்டை கொடுத்திருக்கிறார்கள். லீவு நாளிலும் அதைத்தான் போட்டுக்கொண்டு திரிகிறான். அவன் தங்கை கலைச்செல்வி அரைப்பரீட்சையில் கணக்குக்கு நூற்றுக்கு நூறு. பெரியவள் ராதிகா தையல் பழகி முடித்து எனக்கு இரண்டு ரவிக்கை தைத்தாள். ஒன்றில் கை நுழைகிறது.

எல்லாருக்கும் மேலே நீ. மகள் விட்டுப்போன தாயில்லாப் பேத்தியை நாங்கள் இருவரும் வளர்த்தோம். படித்துக்கொண்டே சம்பளம் வாங்கும் பிள்ளை தென்கொரியாவில் எங்களுக்கு இருக்கிறாள். இந்த ஆலத்தூர் நாட்டு ஊர்களில் வேறு யார் ஊட்டில் அப்படி இருக்கிறது? நீ அனுப்பிய வெள்ளைக் கோட்டுப் படத்தைக் கண்ணாடி போட்டு மாட்டியிருக்கிறேன். வருகிறவர்கள் அதைத் தாண்டித்தான் உட்கார வேண்டும்.

கார்த்தியின் போனில் உன்னோடு பேசலாம்தான். டவர் கிடைக்கும் வளைவுக்குப் போனால் பஸ்ஸுக்கு நிற்கும் சனமெல்லாம் காது கொடுக்கிறது. ஐந்தாவது வரை நான் படித்தது பின்னே எதற்கு?

அப்புச்சி நான்கு மாத்திரையும் தவறாமல் போடுகிறார். போன ஐப்பசியில் நெஞ்சடைத்ததிலிருந்து மிளகுக் கொடிக்கு ஏணி வைக்க நான் விடுவதில்லை. கீழே நின்றபடி பறிக்கிற ஆட்களை வைகிறார். இருதயத்தில் ஒரு பக்கம் செத்துவிட்டது என்று டாக்டர் சொன்னாரே, அது திரும்ப வருமா கண்ணு? நீ செய்கிற செல் ஆராய்ச்சி அதற்குத்தான் என்று கார்த்தி சொல்கிறான். எனக்குச் சொல்லத் தெரியவில்லை. குண்டனி நாட்டிலிருந்து என் தம்பி சின்னக்கண்ணு வந்தபோது, "செல்லுன்னா போன் ரிப்பேருங்களா அக்கா" என்று கேட்டுச் சிரித்துவிட்டுப் போனான். எல்லாருக்கும் புரிகிற மாதிரி எழுது.

வழக்கம்போல் கீழே அப்புச்சியின் கைநாட்டு. பலா வெட்டும்போது பட்ட தழும்பு குறுக்கே வெள்ளைக் கோடாக விழுந்திருக்கிறது, பார்.

உன் நலத்தையே கும்பிட்டிருக்கும்
அம்மாயி


தேஜான், தென்கொரியா
21.2.2025

அன்பு அம்மாயிக்கும் அப்புச்சிக்கும்,

நான் நன்றாக இருக்கிறேன். காதை மூடிக்கொண்டுதான் நடக்கிறேன். அப்புச்சியின் தழும்புக்கோட்டைப் பார்த்ததும் ஊட்டுக்கு வந்துவிட்ட மாதிரி இருந்தது. கார்த்தியின் சட்டையைத் துவைக்கவாவது கழற்றச் சொல்லுங்கள்.

என் வேலையைச் சொல்கிறேன். ஸ்டெம் செல் என்பது உடம்புக்குள் இருக்கும் விதை மாதிரி. அடிபட்ட இடத்தில் புதுச் சதை வர அது உதவும். உயிருள்ள அந்த விதையை எடுத்து நோயாளிக்கு ஏற்றிப் பார்க்கிறார்கள். அதில் தொல்லை உண்டு. கடுங்குளிரில் வைக்காவிட்டால் செத்துப்போகும். வேண்டாத இடத்தில் முளைத்தால் கட்டியாகும். அதனால் நாங்கள் செயற்கையாக ஒன்று செய்கிறோம். கண்ணுக்குத் தெரியாத சின்ன உருண்டை. விதை சுரக்கும் சத்தை அதற்குள் அடைத்து, விதையின் தோலை எடுத்து மேலே போர்த்துகிறோம். உடம்பு அதை விதை என்றே நம்பும். ஆனால் முளைக்காது, கட்டியாகாது. உயிர் இல்லாததால் கெடாது. உலர்த்தி அலமாரியில் வைக்கலாம். மாரடைப்பில் செத்த இடத்தைச் சுற்றிப் போட்டால் இருதயம் மறுபடி பலமாக அடிக்கிறது. நானே கண்ணால் பார்த்தேன்.

அடுத்த தாளையும் படியுங்கள்.

(இரண்டாம் தாள்)

நான் பார்த்தது எலியின் இருதயம் அம்மாயி. ஒரு மிளகளவுதான் இருக்கும். எங்கள் உருண்டையை இன்னும் ஒரு மனிதருக்கும் போட்டதில்லை. அந்த நாள் வரப் பத்து வருடம் ஆகலாம். வராமலும் போகலாம். இந்தப் பெயரைச் சொல்லி யாராவது ஊசி போட வந்தால் கையை நீட்டாதீர்கள். அப்புச்சிக்கு இன்றைக்கு உயிர் அந்த நான்கு மாத்திரைதான். ஒரு நாளும் நிறுத்தக் கூடாது.

உங்கள் இருவர் காலையும் தொட்டுக்கொள்ளும்
அருள்மொழி


ஆலத்தூர் நாடு
17.3.2025

என் சாமி அருள்மொழிக்கு,

நாங்கள் சுகம். உன் சுகத்தை எழுது. நீ இளைத்திருப்பதாகக் கனவு கண்டேன், அதையும் எழுது.

உன் கடிதத்தை ரேஷன் கடை வரிசையில் வாசித்தேன். மண்ணெண்ணெய் வாங்க வந்த சனம் வாங்க மறந்து நின்றது. இரண்டாவது தடவை வாசிக்கச் சொல்லிப் பொன்னாயி தன் முறையைக்கூட விட்டுக்கொடுத்தாள். "விதைத் தோலை உரிச்சுப் போர்த்தறதாமா" என்று அன்று முழுக்க நாடெல்லாம் அதே பேச்சு. சின்னக்கண்ணு இப்போது சிரிப்பதில்லை.

அடிவாரத்தில் செல் வைத்தியம் என்று புதிதாக ஒரு மையம் வைத்திருக்கும் முருகானந்தம் என்பவர் இதைக் கேள்விப்பட்டு, காரில் நம் வாசலுக்கே வந்தார். உன் படத்தின் முன்னால் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். "நான் போடறதும் கொரியாச் சரக்குத்தாங்க. இந்தப் புள்ளை கை பட்டதுன்னு எனக்கே இப்பத்தாங்க தெரியுது" என்றார். மருந்தைச் சட்டைப்பையிலிருந்து எடுத்துக் காட்டினார். ஐஸில் வைக்க வேண்டாமா என்று நான் கேட்கவில்லை. நீதான் கெடாது என்று எழுதியிருக்கிறாயே. கேட்டால் நமக்குத்தான் தெரியாது என்று ஆகும்.

படத்தையும் கடிதத்தையும் ஒரு நாளைக்கு மட்டும் கேட்டார். நகல் எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பிக் கொடுத்துவிட்டார். மரியாதை தெரிந்த மனுசன்.

அப்புச்சிக்கு ஒரு நல்லது நடக்கப் போகிறது. நடந்த பிறகு எழுதுகிறேன். கைநாட்டு கீழே.

அம்மாயி


தேஜான்
2.4.2025

அம்மாயி,

நலமா? நான் நலம். இளைக்கவில்லை.

அந்த ஆளிடம் எதைக் கொடுத்தீர்கள்? இரண்டு தாளும் கொடுத்தீர்களா? இரண்டாம் தாளை ரேஷன் கடையில் வாசித்தீர்களா? எங்கள் ஆய்வுக்கூடத்திலிருந்து ஒரு சொட்டு மருந்துகூட வெளியே போவதில்லை. அவர் கொண்டுவந்தது என்னுடையதும் அல்ல, என்னைப் போன்றவர்கள் செய்ததும் அல்ல. அது என்னவென்றே எனக்குத் தெரியாது.

அப்புச்சிக்கு நடக்கப் போகும் நல்லது என்ன? உடனே எழுதுங்கள். மாத்திரை போடுகிறாரா என்பதையும் எழுதுங்கள்.

அருள்மொழி


ஆலத்தூர் நாடு
22.4.2025

என் தங்கத்துக்கு,

எல்லோரும் சுகம். அங்கு பூப்பூக்கும் காலம் என்று கலைச்செல்வி புத்தகத்தைப் பார்த்துச் சொன்னாள். நல்லது.

நீ பயப்படாதே. அப்புச்சியை நீ இப்போது பார்க்க வேண்டும். போன வாரம் நான் பார்க்காத நேரம் ஏணி வைத்து ஏறிவிட்டார். மேலே நின்று, "மாதா, இங்கிருந்து நம்ம ஊடு தீப்பெட்டியாட்டம் தெரியுது" என்று கூப்பிட்டார். இருபது வயசு குறைந்த மாதிரி முகம் உப்பலாக இருக்கிறது. இரண்டு வேளை சாப்பிட்டவர் மூன்று வேளை சோறு கேட்கிறார். முழங்கால் வலியென்று காலை நீட்டியே கிடந்த சின்னக்கண்ணுவும் இப்போது சம்மணம் போட்டு உட்காருகிறான். குண்டனி நாட்டிலிருந்து ஜீப் பிடித்து அடிவாரத்துக்குப் போகிறார்கள். போகிற வழியில் நம் ஊட்டில் நின்று உன் படத்தைப் பார்த்துவிட்டுத்தான் போகிறார்கள்.

மாத்திரை பற்றிக் கேட்டாய். டப்பா நிறைய இருக்கிறது, கவலை வேண்டாம். நீ கேட்ட மற்றதற்கு நேரில் வரும்போது பதில் சொல்கிறேன். குச்சிக்கிழங்கு நட ஆள் வந்திருக்கிறது.

அம்மாயி


தேஜான்
9.5.2025

அம்மாயி,

உங்கள் நலம் கேட்டு எழுதும்போதே கை ஓடவில்லை.

மாத்திரை டப்பா நிறைய இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். மாதக் கடைசியில் அது நிறைய இருந்தால் அப்புச்சி சாப்பிடவில்லை என்றுதான் பொருள். அவரே நிறுத்தினாரா, அந்த ஆள் நிறுத்தச் சொன்னாரா?

கார்த்திக்கு மூன்று நாளாகப் போன் போட்டேன். ஒரு தடவை எடுத்தான். "அப்புச்சி நல்லா இருக்காருக்கா, ஏணியெல்லாம் ஏறறாரு" என்றான். ஊசி போட்டாரா என்று கேட்டேன். படகுக்குக் கூட்டம் நிற்கிறது என்று வைத்துவிட்டான். பொய் சொன்னால் அவன் வேகமாகப் பேசுவான் என்று நமக்குத் தெரியும்.

முதல் ஊசியில் வரும் தெம்பும் பசியும் முக உப்பலும் நல்ல அடையாளம் இல்லை. ஸ்டீராய்டு கலந்திருந்தால் அப்படித்தான் வரும். வைக்கோல் தீ மாதிரி எரிந்து அடங்கிவிடும். இன்னொரு ஊசி வேண்டாம். உங்களைக் கெஞ்சிக் கேட்கிறேன். இன்றைக்கே மாத்திரையைக் கொடுத்து, கார்த்தியோடு கீழே பெரிய ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போங்கள். இந்தக் கடிதத்தை முழுதாகப் படியுங்கள், அம்மாயி. இது ஒரே தாள்தான்.

அருள்மொழி


ஆலத்தூர் நாடு
11.6.2025

அருள்மொழிக்கு,

இங்கு அனைவரும் இருக்கிறோம். உன் உடம்பைப் பார்த்துக்கொள்.

மழை இறங்கிவிட்டது. பலா இந்த வருடம் நிறையக் காய்த்திருக்கிறது. வெட்ட ஆளில்லை, பழுத்து விழுகிறது. ஊட்டில் சனம் வந்துபோய்க்கொண்டு இருப்பதால் நீளமாக எழுத முடியவில்லை. அப்புச்சி முன்போல் பேசுவதில்லை. நீ உன் பரீட்சையை முடி. அதற்கு முன் எதற்காகவும் புறப்பட்டு வந்துவிடாதே. இத்தனை வருடம் பட்ட பாடு வீணாகக் கூடாது.

கைநாட்டு கீழே இருக்கிறது.

அம்மாயி


தேஜான்
25.6.2025

அம்மாயி,

நலம் கேட்டு எழுத எனக்கு இன்று தைரியமில்லை. கார்த்தி என் போனை எடுப்பதே இல்லை.

கைநாட்டைப் பார்த்தேன். ஆய்வுக்கூடத்துப் பூதக்கண்ணாடியில் வைத்தும் பார்த்தேன். அப்புச்சியின் விரல் அகலம். இது சின்ன விரல். தழும்புக்கோடு இல்லை.

இது உங்கள் விரல்.

அப்புச்சி எங்கே?

அருள்மொழி


அபுதாஹிர், மிளகு வியாபாரம், அடிவாரம்
27.6.2025

அன்பு மகள் அருள்மொழிக்கு, இறைவன் உனக்குப் பொறுமையைத் தரட்டும்.

நீ சின்னப் பிள்ளையாக மிளகு மூட்டை மேல் உட்கார்ந்து என் கடைக்கு வருவாய், நினைவிருக்கும். உன் அப்புச்சி அருணாசலம் அண்ணனிடம் முப்பது வருடமாக மிளகு எடுக்கிறேன். உன் அம்மாயி உனக்கு எழுதும் கடிதங்களை என் கடை வழியாகத்தான் தபாலில் சேர்ப்பார்கள். உறை மேலிருந்து உன் விலாசத்தை எடுத்தேன். கடைசியாக ஒரு உறையை என்னிடம் தந்தபோது, "புள்ளைகிட்ட யாரும் சொல்லக் கூடாதுங்க, பரீட்சை கெட்டுரும்" என்று என்னிடம் சத்தியம் கேட்டார்கள். கார்த்தியிடமும் வாங்கியிருக்கிறார்கள். நான் தலையை ஆட்டிவிட்டேன். ஊட்டுக்குப் போய்ச் சொன்னபோது என் மனைவி ஜொஹ்ரா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. அதனால் எழுதுகிறேன்.

அண்ணன் மே மாதம் முப்பதாம் தேதி காலமாகிவிட்டார். இரண்டாவது ஊசிக்குப் பிறகு குளிரும் காய்ச்சலும். ஜீப்பில் இறக்கினார்கள். கொண்டை ஊசி வளைவுகள் முடிவதற்குள் மூச்சு முடிந்துவிட்டது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த மையத்தின் முன்னால் ஒரு ஆள் உயரத்துக்கு உன் படம் போட்ட போர்டு இருந்தது. பக்கத்தில் உன் கையெழுத்துக் கடிதம் பெரிதாக்கி அச்சடித்திருந்தது. அதன் கடைசியில், 'அடுத்த தாளையும்' என்று ஆரம்பித்து ஒரு வரி பாதி வெட்டுப்பட்டு நின்றது. மிளகு ஏற்றி இறக்கும்போதெல்லாம் அதைப் படிப்பேன். அந்த அடுத்த தாளில் என்ன எழுதியிருந்தாய், மகளே?

இப்போது மையம் பூட்டிக் கிடக்கிறது. போர்டைக் காணோம். அதே போர்டை வேறொரு மலையடிவாரத்தில் பார்த்ததாக நம் லாரி டிரைவர் சொல்கிறார்.

உன் துக்கத்தில் பங்குகொள்ளும்
அபுதாஹிர்


ஆலத்தூர் நாடு
21.7.2025

என் கண்ணு அருள்மொழிக்கு,

உன் உடம்பு எப்படி இருக்கிறது என்று கேட்க எனக்கு முகம் இல்லை. ஆனாலும் கேட்கிறேன். சாப்பிடு.

நீ போனில் அழுததைக் கார்த்தி என் காதில் வைத்தான். போனை அவனிடமே கொடுத்துவிட்டேன். எழுத வரும் என்று நினைத்தேன். நான்கு நாளாக இந்தத் தாளை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

இரண்டாம் தாளை நான் வாசிக்கவில்லை கண்ணு. எனக்குள் வாசித்தேன், சனத்துக்கு வாசிக்கவில்லை. ரேஷன் கடையில் முதல் தாள் முடிந்ததும் எல்லாரும் வாயைத் திறந்து என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். அடுத்த தாளை எடுத்தேன். முதல் வரியிலேயே எலி என்று இருந்தது. என் பேத்தி கொரியாவில் எலிக்கு வைத்தியம் பார்க்கிறாள் என்று சின்னக்கண்ணு சிரிப்பானே என்று நினைத்தேன். மடித்து மடியில் வைத்துக்கொண்டேன். அவ்வளவுதான் நடந்தது. அதற்குப் பிறகு அதை ராகிப் பானைக்கு அடியில் வைத்தேன். முருகானந்தம் கடிதத்தைக் கேட்டபோதும் எடுக்கவில்லை.

மாத்திரை இனி வேண்டாம் என்று அவன்தான் சொன்னான். அப்புச்சிக்குச் சந்தேகம் வந்தது. "புள்ளை என்ன எழுதியிருக்குது, அதைச் சொல்லு மாதா. அது சொன்னாப் போட்டுக்கறேன்" என்றார். சொல்லியிருக்கிறாள் என்றேன். அவருக்குப் படிக்கத் தெரியாது. அறுபது வருடமாக நான் வாசித்ததைத்தான் நம்பினார்.

உன் மே மாதக் கடிதம் வந்த அன்று காலையில்தான் இரண்டாவது ஊசி போட்டுக்கொண்டு திரும்பியிருந்தோம். வாசலில் வைத்தே படித்தேன். டப்பாவை எடுத்து நான்கு மாத்திரையையும் அவர் வாயில் போட்டேன். எதற்கு இப்போது என்று கேட்டபடியே விழுங்கினார். ஆஸ்பத்திரிக்கு மட்டும் உடனே கூட்டிப் போகவில்லை. போனால் ஏன் என்று ஊர் கேட்கும். ஒரு வாரம் பார்க்கலாம் என்றிருந்தேன்.

பிறகு உனக்குப் பொய்க் கைநாட்டு வைத்தேன். மை டப்பாவில் விரலை அழுத்தும்போதே தழும்பு நினைவுக்கு வந்தது. நீ பார்க்க மாட்டாய் என்று நினைத்தேனா, பார்க்க வேண்டும் என்று நினைத்தேனா, எனக்கே தெரியவில்லை.

சின்னக்கண்ணு ஆஸ்பத்திரியில் கிடக்கிறான். முழங்காலில் சீழ் வைத்து இரண்டு தடவை அறுத்துவிட்டார்கள். காலை எடுக்க வேண்டி வரும் என்கிறார்கள். பார்க்கப் போனேன். சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டு, "அந்தக் கடுதாசி அன்னைக்குப் படிச்சது அவ்வளவுதானுங்களா அக்கா" என்று கேட்டான். எழுந்து வந்துவிட்டேன்.

அடுத்த ரேஷன் நாளில் போய் நின்று இரண்டாம் தாளை முழுக்க வாசித்தேன். எலி என்பதையும் வாசித்தேன். யாரும் சிரிக்கவில்லை. பொன்னாயி மட்டும், "இதை அன்னைக்கே படிச்சிருக்கலாமேங்க" என்றாள். அவள் மகனும் ஊசி போட்டவன். இதுவரை அவனுக்கு ஒன்றும் இல்லை. தினமும் காலையில் அவன் நெற்றியைத் தொட்டுப் பார்க்கிறாளாம். நம் நாட்டில் பதினோரு ஊட்டில் அப்படித் தொட்டுப் பார்க்கிறார்கள்.

அபுதாஹிர் அண்ணன் கூட வந்து போலீஸில் எழுதிக் கொடுத்தோம். இரண்டாம் தாளை அவர்கள் வாங்கி வைத்துக்கொண்டார்கள். அந்த ஆள் வேறு மலையடிவாரத்தில் உன் படத்தைப் போட்டுக் கடை திறந்திருப்பது நிசம்தான். டிரைவர் போனில் பிடித்துக் காட்டினார். வெயிலில் வரிசை நிற்கிறது. உன் முகம் அவர்களைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருக்கிறது. வெள்ளிக்கிழமை அபுதாஹிர் அண்ணனின் லாரி அந்தப் பக்கம் போகிறது. நானும் ஏறிக்கொள்கிறேன். அந்த வரிசையில் போய் நின்று வாயால் சொல்லிப் பார்க்கிறேன். நம்பாவிட்டால் அடுத்த வெள்ளியும் போகிறேன். அதற்குள் உன் கையால் இரண்டாம் தாளைப் பெரிய எழுத்தில் மறுபடி எழுதி அனுப்பு. ஒரு வரியும் குறைக்காதே. எலியை முதலில் போடு.

நம் ஊட்டுப் படத்தைச் சுவரிலிருந்து எடுத்துவிட்டேன். வருகிறவர்கள் அதைப் பார்த்ததும் சட்டைக் கையைத் தூக்கி ஊசி போட்ட இடத்தைத் தடவிப் பார்க்கிறார்கள். என்னால் பார்க்க முடியவில்லை. அங்கே போர்டில் இருப்பதும் அதே முகம், அதே கோட்டு. அதற்குப் பக்கத்தில் நின்று நான் சொன்னால் யார் கேட்பார்கள்? இவள்தான் என் பேத்தி, இதை எழுதியவள் இவள்தான் என்று காட்ட என் கையில் வேறு படம் வேண்டும்.

வெள்ளைக் கோட்டு வேண்டாம். சிரிக்கவும் வேண்டாம். அப்புச்சி செத்த பிறகு உன் முகம் எப்படி இருக்கிறதோ, அப்படியே ஒரு புதுப் படம் எடுத்துத் தபாலில் போடு, கண்ணு.

அம்மாயி

கீழே இருப்பது என் கைநாட்டு.